பெங்களூரின் செங்கல் அடுப்பு

வைட்ஃபீல்டிலும் சர்ஜாபூர் சாலையிலும் தோட்டத்தோடு வீடு கட்டுகிறவர்கள், வேலை முடியும் தறுவாயில் கொத்தனாரிடம் கூடுதலாக ஒரு வேலை சொல்கிறார்கள்: கொல்லைப்புறத்தில் செங்கல்லில் ஒரு பார்பிக்யூ அடுப்பு. மூன்று பக்கம் சுவர், இடுப்புயரத்தில் கரி போட ஒரு தட்டு, அதற்கு மேல் கம்பி வலை. பார்த்தால் ஒரு நாள் வேலைதான். ஆனால் வீட்டுச் சுவருக்குக் கலந்த அதே சிமென்ட் கலவையில் கட்டினால், சில மாதங்களில் உள்பக்கப் பூச்சு பொரிந்து உதிர்கிறது. செங்கல்லின் முகம் சில்லுச் சில்லாகப் பெயர்கிறது. சுவர் கட்டத் தெரிந்தவருக்கெல்லாம் அடுப்பு கட்ட வந்துவிடாது. தீக்கென்று செங்கல் அடுக்கத் தெரிந்த கைகள் பெங்களூரில் நூறு ஆண்டுக்கு மேலாக இருந்திருக்கின்றன. அவை பேக்கரிகளுக்காக வேலை செய்தன.

கொல்லையில் செங்கல் அடுப்பு கட்டி இறைச்சி சுடும் மோகம் அமெரிக்காவிலிருந்து வந்தது. அங்கே சன்செட் பத்திரிகை 1938-லேயே பார்பிக்யூவுக்கென்று தனி நூல் போட்டது. உலகப் போருக்குப் பின் புறநகர் வீடுகள் பெருகியபோது செங்கல் அடுப்பும் பெருகியது. 1952-ல் சிகாகோவில் ஜார்ஜ் ஸ்டீபன் என்பவர், தான் வேலை பார்த்த உலோகப் பட்டறையில் கடல் மிதவைக்காகச் செய்த இரும்புக் கோளத்தை இரண்டாக்கி, மூடி போட்ட அடுப்பொன்றை உருவாக்கினார். அது பரவியதும் செங்கல் அடுப்பு அங்கே பின்னுக்குப் போனது. கோத்துச் சுட்ட இறைச்சியும் அதைப் பகிர்ந்து உண்ணும் விருந்தும் தமிழருக்குப் புதியவை அல்ல. பொருநராற்றுப்படையில் கரிகாலனின் விருந்துக்குப் போன கலைஞர்கள், இறைச்சி தின்றே பல் தேய்ந்துபோனதாகச் சொல்கிறார்கள். ஆனால் செங்கல்லுக்குள் தீயைப் பூட்டி, அந்தச் சூட்டை நாள் முழுவதும் செலவழிக்கும் கலை பெங்களூருக்கு வேறு வழியாக வந்தது. பட்டாளத்தின் வழியாக.

1809 வாக்கில் ஆங்கிலேயர் தம் படையை ஸ்ரீரங்கப்பட்டணத்திலிருந்து பெங்களூருக்கு மாற்றினார்கள். காவிரித் தீவின் காய்ச்சல் படையைத் தின்றுகொண்டிருந்தது. அல்சூர் ஏரிப் பக்கத்து மேட்டு நிலமோ குளிர்ச்சியானது, காற்றோட்டமானது. ஊரார் தண்டு என்று அழைத்த அந்தக் கன்டோன்மென்ட்டுக்கு வட ஆர்க்காட்டிலிருந்தும் சேலத்திலிருந்தும் சென்னைப் பக்கத்திலிருந்தும் தமிழர்கள் வந்து குவிந்தார்கள். கொத்தனார்கள், சமையல்காரர்கள், வண்டிக்காரர்கள், கான்ட்ராக்டர்கள் என்று தண்டின் வேலை பெரும்பாலும் தமிழில்தான் நடந்தது. கப்பன் பூங்காவின் ஓரத்தில் இன்றும் நிற்கும் சிவப்புக் கட்டடமான அட்டாரா கச்சேரியை 1860களில் கட்டிக்கொடுத்தவர் ஆர்க்காடு நாராயணசாமி முதலியார்.

பட்டாளத்துக்கு நாள்தோறும் ரொட்டி வேண்டும். ரொட்டிக்குப் பேக்கரி வேண்டும். பேக்கரிக்கு அடுப்பு வேண்டும். அந்த நாளில் அடுப்பென்றால் செங்கல்தான்.

ஆங்கிலேயர் பங்களாக்களில் சமையலறை வீட்டை விட்டுத் தள்ளி, கொல்லையில் தனிக் கட்டடமாக இருந்தது. புகையும் தீ ஆபத்தும் அதற்குக் காரணங்கள். அங்கே இடுப்புயரச் செங்கல் மேடை, மேலே கரிக்குழிகள், அவ்வளவுதான். சென்னைக் குதிரைப் படையில் இருந்த கென்னி ஹெர்பெர்ட், ‘வைவர்ன்’ என்ற பெயரில் 1878-ல் எழுதிய புகழ்பெற்ற சமையல் நூலில், இந்தச் சமையலறைகளைச் சீர்திருத்தவென்றே ஓர் அத்தியாயம் ஒதுக்கினார். மேசைக்கு வெள்ளித் தட்டு வாங்குகிற துரைமார், சமையல்காரன் புகையில் வேகும் கொல்லைக் கட்டடத்தை எட்டிப் பார்ப்பதே இல்லை என்பது அவருடைய ஆதங்கம். அந்தக் கரிக்குழிகளில் குழம்பும் வறுவலும் செய்யலாம். ரொட்டி சுட முடியாது. ரொட்டிக்குச் சூடு கீழிருந்து மட்டும் வந்தால் போதாது. மேலிருந்தும் பக்கங்களிலிருந்தும் ஒரே அளவாக வர வேண்டும்.

பழைய ஊரான பேட்டைக்குள் அடுப்பு வந்த கதை 1898-ல் தொடங்குகிறது. சிக்பேட்டையில் பெங்களூர் பிரதர்ஸ் பேக்கரி, சுருக்கமாக பி.பி. பேக்கரி, அந்த ஆண்டு திறந்தது. ஹாசன் பக்கத்திலிருந்து வந்த எச்.எஸ். திருமலாச்சார் அதன் நிறுவனர். முதலில் இனிப்புக் கடைதான் வைத்திருந்தாராம். வெஸ்ட் எண்ட் ஹோட்டலில் தங்கியிருந்த ஆங்கிலேயர் ஒருவர் அந்தக் கடைக்கு வாடிக்கையாக வந்து, ரொட்டி சுடும் விதத்தைக் கற்றுக்கொடுத்தார் என்று வழிவழியாகச் சொல்லிவருகிறார்கள். வெஸ்ட் எண்ட் 1887-ல் திருமதி பிரான்சன் என்ற ஆங்கிலேய மாது பத்து அறைகளோடு தொடங்கிய விடுதி. அங்கிருந்து சிக்பேட்டை ஒன்றும் தூரமில்லை. ஆனால் இரண்டும் இரண்டு ஆட்சிக்குள் இருந்தன. பேட்டை மைசூர் மகாராஜாவுக்கு, தண்டு ஆங்கிலேயருக்கு. 1881-ல் மகாராஜாவுக்கு ராஜ்யம் திரும்பக் கிடைத்த பிறகும் தண்டு ஆங்கிலேயர் கையிலேயே இருந்தது. 1947-ல்தான் மைசூரோடு சேர்ந்தது. இரண்டு ஊராகக் கிடந்த பெங்களூரில் ஓர் அடுப்பு எல்லை தாண்டியது சிறிய செய்தி இல்லை.

அதே 1898 ஆகஸ்டில் பெங்களூரில் பிளேக் பரவியது. நெரிசலான பேட்டைத் தெருக்களை விட்டு மக்கள் பசவனகுடிக்கும் மல்லேஸ்வரத்துக்கும் நகர்ந்தார்கள். தண்டுப் பக்கத்திலும் நெரிசலைக் குறைக்க ஒரு புதிய குடியிருப்பு எழுந்து, ஆங்கிலேய அதிகாரி ஸ்டூவர்ட் ஃபிரேசரின் பெயரால் ஃபிரேசர் டவுன் ஆனது. புதிய பேட்டைகள் வந்த இடமெல்லாம் பின்னாலேயே பேக்கரியும் வந்தது.

திருமலாச்சாரின் சமூகத்தைப் பற்றித் தமிழ் வாசகர்களுக்கு ஒரு வார்த்தை. ஹெப்பார் ஐயங்கார்கள் ஹாசன் வட்டாரத்தில் பல நூற்றாண்டுகளாக வாழ்கிறவர்கள். இராமானுசர் ஹொய்சள நாட்டுக்கு வந்த காலத்தோடு தம் வரலாற்றைச் சேர்த்துச் சொல்பவர்கள். வீட்டுக்குள் பேசுவது கன்னடம் கலந்த ஒரு தமிழ். மடி, ஆசாரம் பார்க்கும் வைணவக் குடும்பத்தில் பிறந்தவர்கள், வெள்ளைக்காரச் சாப்பாடு என்று ஊர் ஒதுக்கிய ரொட்டியைத் தொழிலாக எடுத்துக்கொண்டார்கள். முட்டையை விலக்கினார்கள். வெங்காயம், பச்சை மிளகாய், கொத்துமல்லி, தேங்காய், வெல்லம் எல்லாம் மாவுக்குள் நுழைந்தன. கார பன், பல்ய பன், தில்பசந்த், வெண்ணெய் பிஸ்கட், ஹனி கேக் என்று ஒரு புதிய தின்பண்ட வரிசையே பிறந்தது. இன்று தமிழ்நாட்டின் சிறிய ஊர்களில்கூட ‘பெங்களூர் ஐயங்கார் பேக்கரி’ என்ற பலகை தொங்குகிறது. நடத்துகிறவர் ஐயங்காராக இருக்க வேண்டுமென்று கட்டாயமில்லை. அந்தப் பெயர் இப்போது ஒரு பாணியின் பெயர்.

இந்தப் பாணியைப் பற்றி எழுதுகிறவர்கள் முட்டை இல்லாததையும் மசாலாவையும் சொல்லிவிட்டு நிறுத்திவிடுகிறார்கள். அடுப்பைச் சொல்வதில்லை. ஆனால் எந்த நேரத்தில் எது சுடச்சுடக் கிடைக்கும், ரஸ்க் ஏன் ரொட்டியின் தம்பியாகவே எங்கும் இருக்கிறது, பிஸ்கட் ஏன் அவ்வளவு மொறுமொறுப்பு என்ற கேள்விகளுக்கு விடை செங்கல்லில்தான் இருக்கிறது.

விறகடுப்பு இப்படி அமையும். தரையிலிருந்து இடுப்புயரத்துக்கு ஒரு திண்ணை. அதன் மேல் மணலைக் கொட்டிப் பரப்புவார்கள். சில ஊர்களில் மணலோடு உப்பும் உடைந்த கண்ணாடியும் சேரும். கோவாவின் ரொட்டிக்காரர்கள் இதை இன்றும் சொல்வார்கள். சூடு கீழே இறங்கி வீணாகாமல் பிடித்துவைப்பதற்கு இந்தப் படுகை. அதற்கு மேல் செங்கல் தளம், இடைவெளி தெரியாமல் நெருக்கமாக. தளத்தைச் சுற்றித் தாழ்வான சுவர். அதிலிருந்து எழும் வளைவு உயரமாக இருக்கக் கூடாது. உயர்ந்தால் சூடு மேலேயே தங்கிவிடும், ரொட்டியின் தலை வெளுத்துக் கிடக்கும். மிகத் தாழ்ந்தால் விறகு மூச்சுவிடாது. வாயின் உயரம் வளைவின் உள்ளுயரத்தில் மூன்றில் இரண்டு பங்குக்குச் சற்றுக் குறைவு என்பது உலகம் முழுவதும் அடுப்புக் கொத்தனார்கள் கைக்கொள்ளும் கணக்கு. அந்த ஒரே வாயின் கீழ்ப்பாதியில் காற்று உள்ளே போகும், மேல்பாதியில் புகை வெளியேறும்.

வளைவுச் செங்கற்களைப் பிணைப்பது சிமென்ட் இல்லை. சலித்த களிமண்ணும் மணலும். இறுகிய சிமென்டுக்குள் இருக்கும் சுண்ணாம்புச் சேர்மம், 400 டிகிரியைத் தாண்டும்போது தன்னிடமிருக்கும் நீரை இழந்து பொடியாகிவிடும். களிமண்ணோ சூட்டில் மேலும் வேகும். நாளடைவில் அதுவே செங்கல்லாகும். மழை பட்டால் மட்டும் கரைந்துபோகும் என்பதால் கூரை கட்டாயம். இணைப்பு எவ்வளவு மெல்லியதோ அவ்வளவு நல்லது. சூட்டில் வளைவு விரிந்து பக்கச் சுவர்களை வெளியே தள்ளும். அதைத் தாங்கச் சுவரைத் தடிப்பாக எழுப்புவார்கள், அல்லது இரும்புப் பட்டை போட்டு இழுத்துக் கட்டுவார்கள்.

செங்கல்லுக்குப் பெங்களூரில் பஞ்சமில்லை. ஊரைச் சுற்றி ஏரிகள்; ஏரிப் படுகையில் களிமண். பின்னாளில் கிழக்கே மாலூர் செங்கல்லுக்கும் ஓட்டுக்கும் பெயர் வாங்கியது.

கட்டி முடித்த அடுப்பில் உடனே பெருந்தீ மூட்டுவது பெரிய தவறு. செங்கல்லிலும் சேற்றிலும் இருக்கும் ஈரம் ஆவியாகி வழி தேடும். வழி கிடைக்காவிட்டால் வெடிக்கும். முதல் நாள் சுள்ளித் தீ, அடுத்த நாள் இன்னும் கொஞ்சம் என்று ஒரு வாரத்துக்கு மேல் அடுப்பைப் பழக்குவார்கள். அப்படிப் பழகிய அடுப்பை முழுக்கக் குளிர விடுவதில்லை. குளிர்ந்தால் பழைய சூட்டுக்குத் திரும்ப நாளும் விறகும் பிடிக்கும். பண்டிகை விடுமுறையிலும் ஒரு கட்டையாவது உள்ளே கிடக்கும்.

பேக்கரி நாள் நள்ளிரவுக்குப் பின் தொடங்கும். சவுக்கு, புளி, தைலமரம் எது கிடைக்கிறதோ அது தளத்தின் மேலேயே எரியும். முதலில் வளைவு முழுக்கக் கரி படிந்து கறுக்கும். சூடு ஏற ஏற, படிந்த கரியே எரிந்துபோய்ச் செங்கல் மறுபடியும் வெளுக்கும். அதுதான் அடையாளம். வெப்பமானி இல்லாத நாளில் அதைப் பார்த்துத்தான் தீயை நிறுத்தினார்கள். தணலை ஒதுக்கி, நீண்ட கழியில் கட்டிய ஈரச் சாக்கால் தளத்தைத் துடைத்து, வாயை மூடிக் கொஞ்ச நேரம் விடுவார்கள். மேலும் கீழும் இருக்கும் சூடு அந்த நேரத்தில் சமமாகும். பிறகு ஒரு பிடி மைதாவைத் தளத்தில் வீசிப் பார்ப்பார்கள். உடனே கருகினால் பொறுக்க வேண்டும். நிதானமாகச் சிவந்தால் ரொட்டி உள்ளே போகலாம்.

இதற்குப் பிறகு விறகு இல்லை. இருக்கும் சூட்டைக் கொண்டுதான் அன்றைய பிழைப்பு. முதல் சூட்டில் ரொட்டி. அது இறங்கியதும் பன், பஃப். இன்னும் இறங்கியதும் கேக். வெளியே கருகாமல் உள்ளே வேக அதற்கு நிதானமான சூடு வேண்டும். பிறகு பிஸ்கட். கடைசியில் மிஞ்சும் இளஞ்சூட்டில், முந்தின நாள் விற்காத ரொட்டியை வெட்டி அடுக்கி விட்டால் மெல்ல மெல்ல ஈரம் போய் ரஸ்க் ஆகும். அதுவும் முடிந்தபின், மறுநாளைக்கான விறகை உள்ளே அடுக்கிக் காயவைப்பார்கள். ஒரு மூட்டை விறகின் சூடு எதுவும் வீணாவதில்லை. விலைப்பட்டியலில் மேலிருந்து கீழே இறங்கினால் செங்கல் சூடு ஆறிய வரிசையே தெரியும். கச்சாப் பொருளை வைத்து ஒரு சமையலை விளக்குவது எளிது. பெங்களூர் பேக்கரியை விளக்க, அடுப்பு ஆறும் கணக்கும் சேர்ந்தே வேண்டும்.

இந்தக் கணக்கு பெங்களூருக்கு மட்டும் உரியதில்லை. கேரளத்தின் தலச்சேரியில் மம்பள்ளி பாப்பு 1880-ல் ராயல் பிஸ்கட் ஃபேக்டரி தொடங்கினார். 1883-ல் அஞ்சரக்கண்டித் தோட்டத்து மர்டாக் பிரவுனுக்காகக் கிறிஸ்துமஸ் கேக் சுட்டுக்கொடுத்தார். அதுவும் விறகடுப்பின் கேக்தான். இலங்கையில் யாழ்ப்பாணத்துப் போறணைகள், அதாவது ரொட்டி அடுப்புகள், இன்றும் பாண் என்கிற ரொட்டியின் பெயரோடு சேர்ந்தே பேசப்படுகின்றன. போறணைப் பாணுக்கும் மின்சார அடுப்புப் பாணுக்கும் ருசியில் உள்ள வேறுபாட்டைப் பற்றி அங்கே யாரிடம் கேட்டாலும் நெடுநேரம் பேசுவார்கள்.

ஃபிரேசர் டவுனின் மாஸ்க் ரோட்டில் 1902-ல் தொடங்கிய ஆல்பர்ட் பேக்கரி இன்னொரு மரபு. முஸ்லிம் குடும்பம் நடத்தும் கடை. பெயர் ஆங்கிலப் பெயர். புனித வெள்ளிக்கு சிலுவை பன், ரமலானுக்கு கீமா சமோசா. அந்தப் பகுதியின் கிறிஸ்தவ வீடுகளில், ஆங்கிலோ இந்தியர்களானாலும் தமிழ்க் கத்தோலிக்கர்களானாலும், டிசம்பரில் ஒரு வழக்கம் இருந்தது. வீட்டில் ஓவன் கிடையாது. பழங்களை ஊறவைத்து, முட்டையும் வெண்ணெயும் அடித்து, மாவை வீட்டிலேயே கலந்து தகர டின்களில் ஊற்றி, தெருமுனை பேக்கரிக்கு எடுத்துப்போவார்கள். டின்னின் மேல் வீட்டுப் பெயர் எழுதிய சீட்டு. அன்றைய ரொட்டி வேலை முடிந்து அடுப்பு கேக் சூட்டுக்கு இறங்கும்வரை காத்திருக்க வேண்டும். டின்னுக்கு இவ்வளவு என்று கூலி. சில வீட்டுப் பெண்கள், தங்கள் டின் வேறு யாருடையதோடும் மாறிவிடக் கூடாதென்று அடுப்பு வாசலிலேயே நின்று வாங்கிப் போவார்கள். வீட்டுக்கு ஓர் அடுப்பு கொல்லையில் கட்டுகிற இந்த நாளில், தெருவுக்கு ஓர் அடுப்பு என்ற அந்த ஏற்பாட்டை எண்ணிப்பார்க்க வேண்டும். பென்சன் டவுனை ஒட்டிய பாட்டரி டவுனில் குயவர் குடும்பங்கள் சூளையைப் பகிர்ந்துகொண்டதும் இதே முறைதான்.

1905 ஆகஸ்டில் சிவசமுத்திரத்து நீர்வீழ்ச்சியின் மின்சாரம் பெங்களூர்த் தெருவிளக்குகளை ஏற்றியது. ஆனால் பேக்கரி அடுப்புக்கு மின்சாரம் வர வெகுகாலம் பிடித்தது. அதே 1905-ல் குன்னூரில் முத்துசாமி முதலியார் தொடங்கிய வெண்ணெய்க் கடை, 1936-ல் பிரிகேட் ரோட்டுக்கு வந்து நீல்கிரிஸ் ஆனது. பால் பண்டமும் பேக்கரியும் சேர்ந்த நவீனக் கடைக்கு அது முன்மாதிரி. பிறகு டீசல் அடுப்பு, மின்சார அடுப்பு, டிராலியோடு உள்ளே தள்ளிச் சுழலவிடும் ரேக் ஓவன் என்று ஒவ்வொன்றாக வந்தன. புதிய அடுப்பில் எந்த நேரத்திலும் எதையும் சுடலாம். அதிகாலையில் ரஸ்க், மாலையில் ரொட்டி. ஆறும் சூட்டுக்குக் காத்திருக்கும் தேவை போய்விட்டது.

பெங்களூரில்தான் அடுப்பை விஞ்ஞானிகள் உட்கார்ந்து படித்தார்கள் என்பதையும் இங்கே சொல்ல வேண்டும். இந்திய அறிவியல் கழகத்தில் அமுல்ய ரெட்டி 1974-ல் தொடங்கிய ‘அஸ்த்ரா’ என்ற அமைப்பு, கிராமத்துக்குப் பயன்படும் தொழில்நுட்பத்தையே வேலையாக எடுத்துக்கொண்டது. 1980களின் தொடக்கத்தில் கே.எஸ். ஜகதீஷும் லோக்ராஸும் உடனிருந்தவர்களும் உருவாக்கிய ‘அஸ்த்ரா ஒலெ’, மூன்று பாத்திரம் வைக்கும் மண் அடுப்பு. தீயை மூடிய அறை, சாம்பல் விழக் கம்பித்தட்டு, புகை போகக் குழாய். கர்நாடகம் முழுக்க அது பரவியது. அந்த ஆராய்ச்சியின் வெளிச்சத்தில் பார்த்தால் மூன்று வகைத் தீயும் தெளிவாகப் பிரியும். சமையல் அடுப்பில் சுவர் விழுங்கும் சூடு நட்டம். எல்லாம் பாத்திரத்துக்குப் போக வேண்டும். பேக்கரி அடுப்பில் சுவர் விழுங்கும் சூடுதான் முதல். அதைத்தான் பகல் முழுவதும் திருப்பி வாங்குகிறார்கள். பார்பிக்யூவில் சுவருக்குக் காற்றைத் தடுக்கிற வேலை மட்டும்; தணலின் நேர்ச்சூடே இறைச்சியைச் சுடுகிறது. அதனால்தான் பேக்கரி போல ஓரடித் தடிப்பில் பார்பிக்யூ கட்டுவது வீண். உள்ளே ஒரு வரிசை தீச்செங்கல், அதைப் பிணைக்கத் தீமண், வெளிச்சுவரோடு ஒட்டாமல் விரல் நுழையும் இடைவெளி, இவ்வளவு போதும். வெளிச்சுவரைச் சிமென்டிலேயே கட்டலாம். தீ அதைத் தொடாது.

விறகடுப்பின் மறுபக்கத்தை மறைக்கக் கூடாது. நள்ளிரவிலிருந்து அந்த வாய்க்கு முன்னால் நின்றவர்களின் கண்ணும் நெஞ்சும் பட்ட பாடு ருசியைப் பேசுகிறவர்களின் கணக்கில் வருவதில்லை. அக்கம்பக்கத்தாரும் அந்தப் புகையைத்தான் சுவாசித்தார்கள். மும்பையில் 2025 ஜனவரியில் பம்பாய் உயர் நீதிமன்றம், விறகும் கரியும் எரிக்கும் பேக்கரிகள் ஆறு மாதத்துக்குள் எரிவாயுவுக்கோ வேறு தூய எரிபொருளுக்கோ மாற வேண்டும் என்றது. பாவ் சுடும் பழைய பேக்கரிகள் அங்கே பதறின. உத்தரவின் நோக்கம் சரியானது. ஆனால் எரிபொருளை மாற்ற வளைவை இடிக்க வேண்டியதில்லை. எரிவாயு பர்னரை உள்ளே பொருத்தி, அதே செங்கல்லைச் சூடேற்றிச் சுடுகிற அடுப்புகள் பல நாடுகளில் ஓடுகின்றன. புகை போகும், செங்கல்லின் நிதானமான சூடு நிற்கும்.

பெங்களூரில் மிஞ்சியிருக்கும் விறகடுப்புகளைப் பற்றி இப்போதே செய்ய வேண்டிய வேலை ஒன்று உண்டு. பழைய பங்களாக்களையும் கல்மண்டபங்களையும் ஆவணப்படுத்துகிற இன்டாக் போன்ற அமைப்புகள் பேக்கரியின் பின்கட்டுக்கும் போக வேண்டும். வளைவின் உயரம், சுவரின் தடிப்பு, தளத்துக்கு அடியில் கொட்டியது மணலா உப்பா கண்ணாடியா, எந்த ஆண்டு யார் கட்டியது, கடைசியாக எப்போது செங்கல் மாற்றினார்கள் என்பதையெல்லாம் அளந்து வரைந்துவைக்க வேண்டும். கட்டிய கொத்தனார்களில் வயதானவர்கள் சிலராவது இன்னும் இருக்கும்போதே அவர்களிடம் கேட்டு எழுத வேண்டும். அதில் பெரும்பகுதியைத் தமிழிலேயே கேட்கலாம்.